இலானெல்லி ஊரக வட்டம்: ஒரு வரித்தாளின் வரலாறு

(கழகக் கூட்டமொன்றில் ஆற்றப்பெற்ற உரை)



இன்று எடுத்துக்கொண்ட பொருள், இன்றைய நிலப்படத்தில் தேடினாலும் கிடைக்காத ஓர் ஆட்சிப் பிரிவைப் பற்றியது. அது 1894-இல் பிறந்தது, 1974-இல் மறைந்தது. எண்பதாண்டு வாழ்ந்த அவ்வமைப்புக்குக் கோட்டையில்லை, கொடியில்லை, படையில்லை. சாக்கடை வெட்டியது, குடிநீர்க் குழாய் பதித்தது, ஏழையர்க்கு வீடு கட்டியது, வீட்டுவரி தண்டியது. அவ்வளவே அதன் வேலை. ஆயினும் ஒரு மொழியின் வரலாற்றில் அதன் பெயர் அழியாமல் நின்றுவிட்டது. அது செய்த நற்செயல் ஒன்றால் அன்று. எட்டாண்டுக் காலம் செய்ய மறுத்த ஒரு சிறு செயலால்! அதன் பெயர் இலானெல்லி ஊரக வட்டம். அஃது இருந்த நாடு, ஆங்கிலேயர் வேல்சு என்றழைக்கும் நாடு.

பெயரிலிருந்தே தொடங்குவோம், பெயரில்தான் பாதி வரலாறு இருக்கிறது. வேல்சு என்பது அந்நாட்டார் தமக்கு இட்டுக்கொண்ட பெயரன்று. பிற்காலத்தில் வந்து குடியேறிய ஆங்கிலேயர், தம் பழைய மொழியில் 'அயலான்' என்று பொருள்படும் சொல்லால் அம்மண்ணின் மக்களைக் குறித்தனர். வந்தவன் இருந்தவனை அயலான் என்றான்; அதுவே உலகறிந்த பெயராயிற்று. அம்மக்கள் தம் நாட்டைக் கும்ரி என்பர். தம் மொழியைக் கும்ராய்க் என்பர். கும்ரி என்பதன் வேர்ப்பொருள் 'ஒரே நாட்டைச் சேர்ந்த உடன்மக்கள்' என்பது. ஒருவரையொருவர் உடன்பிறப்பு என்றழைத்த பெயர் வீட்டுக்குள் இருக்க, அயலான் என்ற பெயர் வாயிற்பலகையில் ஏறிற்று. இவ்வுரையில் இனி அம்மொழி கும்ரிமொழி என்றே சொல்லப்பெறும்.

இலானெல்லி என்பதில் வரும் 'இலான்', கோயில் சூழ்ந்த இடத்தைக் குறிக்கும் சொல். எல்லி என்னும் அடியாரின் கோயிலூர் இலானெல்லி. அச்சொல்லின் முதலிலும் இடையிலும் வரும் லகரம் நம் லகரமன்று. நாவை லகரத்திற்கு வைத்துக்கொண்டு குரலின்றிக் காற்றை மட்டும் பக்கவாட்டில் ஊதிப் பிறப்பிக்கும் ஒலி. ஆங்கிலேயர் பலர்க்கு வாழ்நாள் முழுதும் அது வருவதில்லை. தமிழுக்கு ழகரம் எப்படியோ, அம்மொழிக்கு அவ்வொலி அப்படி. அயலார் நாவில் வராத ஒலிதான் அயலாரால் முதலில் சிதைக்கப்படும். அதனை ஓரளவேனும் காட்டத் தமிழெழுத்தில் வழியில்லாமையால் இவ்வாறு எழுத நேர்கிறது.

நாட்டின் தென்மேற்கே கார்மார்தன் கோட்டம். அதன் தென்கிழக்கு மூலையில், கடற்கழியை ஒட்டி இலானெல்லி நகர். வெள்ளீயம் பூசிய தகடு செய்வதில் உலகப் பெயர் பெற்ற ஊர் அது. தகட்டு நகர் என்றே அதற்குப் பட்டப்பெயர். அந்நகரைச் சூழ்ந்த இலாங்கெனெக், இலானெடி, இலான்னோன் முதலான ஊர்களும் சுற்றுச் சிற்றூர்களும் சேர்ந்ததே ஊரக வட்டம். ஊரகம் என்றதும் ஆடு மேய்க்கும் புல்வெளியை மட்டும் நினைக்க வேண்டா. நிலக்கரிச் சுரங்கங்கள் அங்கிருந்தன; தகட்டு ஆலைகள் அங்கிருந்தன. பகலில் சுரங்கத்தில் இறங்கியவன் மாலையில் வந்து தன் சிறு கொல்லையை உழுதான். அவ்வட்டத்துச் சிற்றூராகிய வெலின்வோயலில் இருந்த மதுவாலை ஒன்று, 1935-இல் அப்பகுதித் தகட்டைக் கொண்டே குவளை செய்து அதில் மாத்தேறலை அடைத்தது. ஐரோப்பாவிலேயே அதுதான் முதல் என்பர். பெருமைப்படத்தக்க பொருளா என்பது வேறு. தொழிலறிவில் பின்தங்கிய பட்டிக்காடு அன்று என்பதற்கு அதுவே போதும்.

அம்மக்கள் எதற்கும் பணிந்து கிடந்தவர்களும் அல்லர். 1839 முதல் 1843 வரை, தெற்கு வேல்சின் மேற்குப் பகுதி முழுதும் சுங்கச்சாவடிக் கலகம் நடந்தது. சாலைக்கு உரிமை பெற்ற குழுவினர் வழிதோறும் வாயிலிட்டு வண்டிக்கு வண்டி காசு பறித்தனர். வயலுக்குச் சுண்ணாம்பு ஏற்றிவரும் உழவன்கூடத் தப்ப முடியவில்லை. ஆடவர்கள் பெண்டிர் உடை உடுத்து, முகத்தில் கரி பூசி, இரவில் குதிரையேறி வந்து அவ்வாயில்களை வெட்டி எரித்தனர். தலைவனுக்கு விவிலியத்திலிருந்து இரெபெக்காள் என்று பெயரிட்டனர். 1843 செபுதம்பரில் பொந்தார்துலைசு வாயிலும் அதனையடுத்து எந்தி வாயிலும் தாக்கப்பட்டன. எந்தி, பின்னர் இவ்வூரக வட்டத்தில் அடங்கிய ஊர். அங்கே வாயில் காத்த முதியவள் ஒருத்தி சுடப்பட்டு இறந்தாள் என்பதையும் மறைக்கக் கூடாது. பொந்தார்துலைசு என்ற ஊர்ப்பெயரைக் கேட்போர் நினைவில் வைத்துக்கொள்க; அது மீண்டும் வரும்.

இனி ஆளுகை அமைப்பு. 1834-இல் வந்த ஏழையர் சட்டப்படி கோயிற்பற்றுகள் பலவற்றை ஒன்றாக்கி, ஏழையர் காப்பாளர் குழுக்களை அமைத்தனர். 1872-இல் நலவாழ்வுச் சட்டம் வந்தபோது நகரல்லாத பகுதிகளின் துப்புரவுப் பொறுப்பை அக்காப்பாளரிடமே விட்டனர். 1894-ஆம் ஆண்டின் உள்ளாட்சிச் சட்டம் அத்துப்புரவுப் பகுதிகளை ஊரக வட்டங்களாக்கி, ஒவ்வொன்றுக்கும் மக்கள் தேர்ந்தெடுக்கும் மன்றம் வைத்தது. மணமான பெண்டிரும் ஒப்போலை இடலாம், மன்றத்தில் அமரலாம் என்று அச்சட்டம் இடந்தந்தது; அந்நாளில் நாடாளுமன்றத்தில் அவ்வுரிமை எந்தப் பெண்ணுக்கும் இல்லை. நிலக்கிழாரும் நடுவரும் வழிவழியாக ஆண்டுவந்த இடத்தில் சுரங்கத் தொழிலாளியும் கடைக்காரனும் அமர வழி பிறந்தது அப்போதுதான். 1929-ஆம் ஆண்டுச் சட்டம் காப்பாளர் குழுக்களைக் கலைத்தது. ஊரகச் சாலைகளைக் கோட்டத்திடம் மாற்றியது. இவற்றையெல்லாம் விரிக்க வேண்டுவதில்லை. இவ்வரலாற்றுக்கு இன்றியமையாதது 1925-ஆம் ஆண்டின் வரிச்சட்டம் ஒன்றே. அதற்குமுன் கோயிற்பற்றுதோறும் இருந்த மேற்பார்வையாளர்கள் வீட்டுவரி தண்டிவந்தனர். அச்சட்டம் அவர்களை நீக்கி, வரி தண்டும் பொறுப்பை ஊரக வட்ட மன்றத்தின் கையில் கொடுத்தது. எனவே அதன்பின், ஓர் ஏழைத் தொழிலாளியின் வீட்டுக் கதவிடுக்கில் வந்து விழும் அரசுத் தாள் ஒன்று உண்டென்றால், அது அம்மன்றத்தின் வரித்தாள்.

அத்தாள் எந்த மொழியில் இருந்தது?

ஆங்கிலத்தில். ஆங்கிலத்தில் மட்டும்.

அது நேற்று வந்த பழக்கமன்று. 1536-இல் எட்டாம் என்றி மன்னன் காலத்தில் வேல்சை இங்கிலாந்துடன் இணைத்த சட்டம், வழக்குமன்றங்கள் ஆங்கிலத்திலேயே நடக்க வேண்டும் என்றது. கும்ரிமொழி பேசுவோன் ஆங்கிலத்தைக் கையாளாவிடில் அரசுப் பணியிருக்கை எதுவும் பெறக்கூடாது என்றது. அந்நாளில் அம்மக்களில் மிகப் பலர்க்கு ஆங்கிலம் அறவே தெரியாது. 1588-இல் விவிலியம் முழுதும் கும்ரிமொழியில் அச்சேறியிராவிட்டால் அம்மொழி அன்றே குடிசையில் ஒடுங்கியிருக்கும். கோயிலும் ஞாயிற்றுக்கிழமைப் பள்ளியும் அதனைக் காத்தன. அலுவலகம் அதனை வாயிலுக்கு வெளியே நிறுத்தியது.

1847-இல் இன்னொன்று நேர்ந்தது. வேல்சின் கல்வி நிலையை ஆராய மூன்று ஆங்கிலேயரை இலண்டன் அரசு அனுப்பியது. மூவர்க்கும் அம்மொழி தெரியாது. நீல அட்டையிட்ட மூன்று தொகுதிகளாக அவர்கள் எழுதிய அறிக்கை, மக்களின் கல்லாமைக்கும் ஒழுக்கக்கேட்டுக்கும் அவர்தம் தாய்மொழியே கரணியம் என்று பழி சுமத்தியது. 'நீலநூல் இரண்டகம்' என்று அம்மக்கள் அதனை இன்றும் சொல்கின்றனர். ஆனால் ஒன்று கருதத்தக்கது. அவ்வாராய்ச்சி வேண்டுமென்று 1846-இல் நாடாளுமன்றத்தில் எழுந்து கேட்டவர் ஆங்கிலேயர் அல்லர். இங்கிலாந்துத் தொகுதி ஒன்றின் உறுப்பினராயினும், அவர் இதே கார்மார்தன் கோட்டத்து இலான்பம்சைந்து என்னும் ஊரிற் பிறந்த வில்லியம் வில்லியம்சு. தம் மக்கள் ஆங்கிலம் கற்று முன்னேற வேண்டும் என்ற நல்லெண்ணத்தில் கேட்டார். அந்நூற்றாண்டில் பள்ளிகளில் இன்னொரு பழக்கமும் இருந்தது. பள்ளிகள் பலவற்றில் தாய்மொழி பேசிய குழந்தையின் கழுத்தில் மரத்துண்டைத் தொங்கவிட்டனர். அக்குழந்தை, தாய்மொழி பேசும் இன்னொரு குழந்தையைக் காட்டிக்கொடுத்து மரத்துண்டை அதன் கழுத்துக்கு மாற்றலாம். மாலையில் எவன் கழுத்தில் இருக்கிறதோ அவனுக்குப் பிரம்படி. அடியைவிட அந்தக் காட்டிக்கொடுக்கும் பழக்கமே கொடிது. அப்படி வளர்ந்த தலைமுறைகளின் வழிவந்தவர்கள்தாம் பின்னாளில் மன்றங்களில் அமர்ந்தனர்.

1901-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் வேல்சு மக்களுள் ஏறத்தாழப் பாதிப்பேர் கும்ரிமொழி பேசினர். 1951-இல் நூற்றுக்கு 29 பேர். 1961-இல் 26 பேர். இவ்வாறு நாடு முழுவதும் மொழி தேய்ந்தபோதும் இலானெல்லி ஊரக வட்டத்தில் தேயவில்லை. அங்கே நூற்றுக்கு 84 பேர் கும்ரிமொழி பேசினர். இலாங்கெனெக்கில் பத்துக்கு ஒன்பது பேர். மன்ற உறுப்பினர் அனைவரும் அம்மொழி பேசுவோர். மன்ற அலுவலரும் அவ்வாறே. கடையிலும் கோயிலிலும் சுரங்கத்தின் அடியிலும் அம்மொழிதான். அவர்கள் தேர்ந்தெடுத்த மன்றம் அவர்களுக்கே அனுப்பிய தாள் மட்டும் ஆங்கிலம். யார் யார்க்காக எழுதிய தாள் அது? எழுதியவனுக்கும் தாய்மொழி கும்ரி, பெறுபவனுக்கும் தாய்மொழி கும்ரி, நடுவில் ஆங்கிலம்!

இந்நிலையில் 1952-இல் இலாங்கெனெக்குக்கு ஓர் இளம் இணையர் குடிவந்தனர். கணவர் திரெவர் பீசிலி, நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி. மனைவி ஐலீன், 1921-இல் அதே கோட்டத்திற் பிறந்தவர். கார்திபு கல்லூரியிற் பயின்று பள்ளி ஆசிரியையாக இருந்தவர். இருவரும் கும்ரிக் கட்சிக் கூட்டங்களில் பழகி 1951-இல் மணந்தவர்கள். சிறு வீடு வாங்கினர். வரித்தாள் வந்தது. அவர்கள் மன்றத்திற்கு மடல் எழுதினர். வரி கொடுக்க மாட்டோம் என்று எழுதவில்லை. தாள் கும்ரிமொழியில் வந்தால் உடனே கொடுப்போம் என்று எழுதினர்.

மன்றம் மறுத்தது.

இணையர் வரி கட்டவில்லை. வழக்குமன்ற அழைப்பு வந்தது; அதுவும் ஆங்கிலத்தில். அவர்கள் வழக்கையும் கும்ரிமொழியிலேயே நடத்த வேண்டும் என்றனர். இங்கே சட்டத்தின் நிலையைச் சற்று விளக்க வேண்டும். 1536-இன் தடையைத் தளர்த்தி 1942-இல் ஒரு சட்டம் வந்திருந்தது. வழக்குமன்றத்தில் ஒருவன் கும்ரிமொழியிற் பேசலாம், எப்போது? ஆங்கிலத்திற் பேசினால் அவனுக்கு இடர்ப்பாடு நேரும் என்னும்போது. அஃதாவது, தன் நாட்டு வழக்குமன்றத்தில் தன் தாய்மொழியைப் பேசுவதற்கு ஆங்கிலம் போதாமையே தகுதி! ஆங்கிலம் நன்கறிந்தவன் தாய்மொழியில் பேச விரும்பினால் அவ்விருப்பத்துக்குச் சட்டத்தில் மதிப்பில்லை. உரிமை வேறு, இரக்கம் வேறு. அச்சட்டம் தந்தது இரண்டாவது.

தண்டம் விதிக்கப்பட்டது. இணையர் அசையவில்லை. கைப்பற்றும் ஏவலர் வீட்டுக்கு வந்தனர். மேசையும் நாற்காலியும் போயின. தரைவிரிப்பு போயிற்று. நூல் அடுக்குகள் போயின. பியானோ என்னும் இசைப்பெட்டி போயிற்று. ஒருமுறையன்று, மூன்று முறைக்குக் குறையாமல் வந்து அள்ளிச் சென்றனர். எடுத்துச் சென்ற பொருள்களின் மதிப்பு, தரவேண்டிய வரியைவிட மிகுதி. அவ்வீட்டில் குழந்தைகள் இரண்டு பிறந்து வளர்ந்தன. வெறுந்தரையில் அமர்ந்து அடுத்த ஏவலர் வருகையை எதிர்நோக்கும் வீட்டில் ஒரு தாய் குழந்தைக்குத் தாலாட்டுப் பாடினாள் என்றால் அதன் பொருளை இங்குள்ள தாய்மார்களுக்கு எடுத்துச் சொல்ல வேண்டா. கணவர் நாள்தோறும் சுரங்கத்துக்குப் போய்வந்தார். பதினாறு முறை அவர்கள் வழக்குமன்றம் ஏறினர் என்று கணக்கிட்டிருக்கின்றனர். கூட்டமில்லை, ஊர்வலமில்லை, பின்னால் ஒரு கழகம் இல்லை. அவர்களுக்குப் பின்னால் மொழிக்கென்று ஒரு கழகம் அந்நாட்டில் எழுந்ததே இவர்களால்தான். அது பின்னர் வரும்.

எட்டாண்டு கழிந்தது. 1960-இல் மன்றம் இணங்கியது. வரித்தாள் இருமொழியில் அச்சாகி வந்தது. இணையர் வரியைக் கட்டினர்.

இந்த இடத்தில் விரைந்து கடந்துபோகக் கூடாது. 1952-இல் மறுத்த மன்றம் 1960-இல் கொடுத்தது. இடையில் சட்டம் ஏதேனும் மாறியதா? இல்லை. வேல்சு மொழிச் சட்டம் வந்தது 1967-இல். 1952-இல் என்ன சட்டமோ, 1960-லும் அதே சட்டம். இலண்டனிலிருந்து புதிய ஆணை எதுவும் வந்துதான் கொடுத்தார்கள் என்பதில்லை. அப்படியானால் எட்டாண்டுக்கு முன்பே கொடுத்திருக்க முடியும் என்பதுதானே பொருள்! அயலார் ஆட்சி தடுத்தது என்று சொல்லித் தப்ப இங்கே வழியில்லை. தடுத்தது அவர்தம் பழக்கம். அலுவல் என்றால் ஆங்கிலம், அடுப்பங்கரை என்றால் தாய்மொழி என்று நானூறு ஆண்டாக ஊறிய பழக்கம். அம்மன்றத்தார் தாய்மொழியை வெறுத்தவர்கள் என்று சொல்வது முறையாகாது. ஞாயிறுதோறும் கோயிலில் அம்மொழியிற் பாடித் தொழுதவர்கள் அப்பகுதி மக்கள். அம்மொழியிற் பாட்டுப் போட்டி நடத்திப் பரிசு வழங்கியவர்கள். தாய்மொழி மேல் அவர்களுக்குப் பற்று உண்டு, மதிப்புத்தான் இல்லை. பற்றுக்கும் மதிப்புக்கும் உள்ள இடைவெளி எவ்வளவு என்று கேட்டால், ஒரு வரித்தாளின் அளவு.

வடக்கே 1936-இல் மூவர் வேறொரு வகையில் எதிர்த்திருந்தனர். இலீன் முனைப்பகுதியில் குண்டுவீச்சுப் பயிற்சிக்கென்று அரசு எழுப்பிய கொட்டகைகளுக்குத் தீயிட்டுவிட்டுத் தாமே காவல்நிலையம் சென்று ஒப்புக்கொண்டனர். கயர்னார்வனில் நடந்த வழக்கில் நடுவுரைஞர் குழு ஒருமித்த முடிவுக்கு வரவில்லை. அரசு வழக்கை இலண்டனுக்கு மாற்றி ஒன்பது திங்கள் சிறை வாங்கித் தந்தது. அம்மூவருள் ஒருவர் சாண்டர்சு இலூயிசு. நாடக ஆசிரியர், இலக்கியப் பேரறிஞர். அச்செயலால் கல்லூரிப் பணியை இழந்தவர். நெடுநாள் அரசியலிலிருந்து ஒதுங்கியிருந்த அவர், 1962 பிப்பிரவரி 13-ஆம் நாள் வானொலியில் ஓர் உரை நிகழ்த்தினார். 'மொழியின் ஊழ்' என்பது அதன் தலைப்பு. இதே போக்கு நீடித்தால் இருபத்தோராம் நூற்றாண்டின் தொடக்கத்தோடு கும்ரிமொழி வாழும் மொழியாக இராது என்று கணக்கிட்டுச் சொன்னார். அதற்கு மாற்றாக அவர் எடுத்துக்காட்டியது அறிஞர் எவரையும் அன்று; தாம் தீயிட்ட செயலையும் அன்று. இலாங்கெனெக்கின் சுரங்கத் தொழிலாளியையும் அவர் மனைவியையும் எடுத்துக்காட்டினார். அவ்வட்டத்தில் எத்தனை விழுக்காட்டினர் அம்மொழி பேசுகின்றனர், மன்றத்தார் எம்மொழியினர் என்பவற்றையெல்லாம் உலகறியச் சொன்னவர் அவரே. அம்மொழி பேசுவோர் மிகுந்த பகுதிகளில், அம்மொழியின்றி அரசு அலுவல் எதுவும் நடவாதபடி செய்ய வேண்டும் என்றார். கட்சிக்காரர்களுக்குச் சொன்ன உரை அது. இளைஞர் காதில் விழுந்தது.

அவ்வாண்டு ஆகத்தில் கும்ரிக் கட்சியின் கோடைப்பள்ளி கூடியபோது கும்ரிமொழிக் கழகம் தோன்றியது. கூடிய ஊர் எது? பொந்தார்துலைசு. சுங்கவாயில் எரிந்த அதே ஊர். இலாங்கெனெக்கிலிருந்து கூப்பிடு தொலைவு என்றே சொல்லலாம். 1963 பிப்பிரவரி 2-ஆம் நாள் அக்கழகத்தார் அபெரித்துவித் நகரின் திரெவெக்கன் பாலத்தில் அமர்ந்து வழிமறித்தனர். வழக்கு அழைப்பாணை தம் மொழியில் வர வேண்டும் என்பது கோரிக்கை. அதன்பின் சாலைப்பலகைப் போர், சிறை, உண்ணாநோன்பு என்று அவ்வரலாறு நீளும்; அதற்குத் தனிக்கூட்டம் வேண்டும். 1965-இல் அரசு அமைத்த குழு, இருமொழிக்கும் சட்டத்தில் ஒத்த செல்லுபடி வேண்டும் என்றது. 1967-ஆம் ஆண்டுச் சட்டம், வழக்குமன்றத்தில் எவரும் கரணியம் காட்டாமலே கும்ரிமொழியிற் பேசலாம் என்றது. சட்டநூல்களில் இங்கிலாந்து என்ற சொல் வேல்சையும் உள்ளடக்கும் என்று 1746 முதல் இருந்த விதியும் அச்சட்டத்தால்தான் ஒழிந்தது. 1536-இன் மொழித்தடை ஏட்டளவிலும் நீங்க 1993 ஆயிற்று. 2011-இல்தான் கும்ரிமொழி அந்நாட்டின் ஆட்சிமொழி என்று சட்டத்தில் எழுதப்பட்டது. வரித்தாளுக்கு எட்டாண்டு; ஆட்சிமொழிக்கு 475 ஆண்டு.

இந்த ஊரக வட்டத்தின் எஞ்சிய கதை சிறிது. அதன் பெயரே நெடுங்காலம் ஆங்கிலவழிப் பிழையெழுத்தோடு எழுதப்பட்டு வந்தது. ஊர்ப்பெயரின் இறுதியெழுத்து அம்மொழி மரபுக்கு மாறானது. 1966-இல்தான் இலானெல்லி என்னும் சரியான எழுத்து அரசு முறைப்படி ஏற்கப்பெற்றது. ஓரெழுத்து என்று சிரிக்கலாகாது.  1972-ஆம் ஆண்டு உள்ளாட்சிச் சட்டம், இங்கிலாந்திலும் வேல்சிலும் இருந்த ஊரக வட்டங்கள் அனைத்தையும் ஒழித்தது. 1974 ஏப்பிரல் முதல்நாள், இலானெல்லி ஊரக வட்டமும் இலானெல்லி நகராட்சியும் அண்டையிலிருந்த கிட்வெல்லி, பர்ரிப்போர்ட்டு ஆகிய இரண்டும் ஒரே வட்டமாக இணைந்தன. அதுவும் 1996-இல் கலைந்து, கார்மார்தன் கோட்ட மன்றமே எல்லாவற்றையும் ஏற்றது. இன்று இலானெல்லி ஊரகம் என்னும் பெயர், நகரைச் சூழ்ந்த சிற்றூர்களின் குடிமன்றம் ஒன்றுக்கு மட்டும் எஞ்சியிருக்கிறது.

திரெவர் பீசிலி 1994-இல் மறைந்தார். ஐலீன் 2012 ஆகத்தில், தொண்ணூற்றோராம் அகவையில் மறைந்தார். அவர்களைப் பற்றி அங்காரத் தோமோசு என்னும் எழுத்தாளர் நாடகம் எழுதினார். சிறுவர்க்கென்று ஒரு கதைநூலும் எழுதினார். அந்நூலின் பெயர் 'ஒரு சிறு தாள்துண்டு' என்று பொருள்படும்.

இனி, மனத்தை உறுத்தும் செய்தி ஒன்றும் உண்டு. இணையர் எட்டாண்டு போராடிய அதே இலாங்கெனெக்கில், தொடக்கப்பள்ளியை முழுதும் கும்ரிமொழிவழிப் பள்ளியாக்குவதா, ஆங்கிலவழிப் பிரிவையும் வைத்துக்கொள்வதா என்று 2016-இலும் 2017-இலும் பெருஞ்சண்டை நடந்தது. பெற்றோர் இரு பிரிவாயினர், ஊர் பிளந்தது. பத்துக்கு ஒன்பது பேர் அம்மொழி பேசிய ஊரில், அம்மொழியிற் பள்ளி வேண்டுமா என்ற கேள்வியே எழ அறுபதாண்டு போதுமானதாயிற்று. கோட்டம் முழுவதற்கும் கணக்குப் பார்த்தாலும் அதுவே: 2011-இல் நூற்றுக்கு 44 பேர் பேசினர், 2021-இல் 40-ஐத் தொடவில்லை. சுரங்கம் மூடியது, தகட்டாலை மூடியது, வேலைதேடி இளைஞர் வெளியேறினர், வெளியார் வந்து வீடு வாங்கினர். இவற்றுக்கெல்லாம் ஒரு வரித்தாள் மருந்தாகாது. அப்படி ஆகும் என்று அவ்விணையரும் சொல்லவில்லை.

ஆயினும் 2017 சனவரியில் கோட்ட மன்றம் அப்பள்ளியைக் கும்ரிமொழிவழிக்கு மாற்ற முடிவு செய்தது. அந்தக் கோட்ட மன்றம் இன்று மக்களுக்கு அனுப்பும் வரித்தாள், எவரும் மடல் எழுதிக் கேளாமலே, இருமொழியிலும் வருகிறது.